குறிப்பு: ஓடிவிட்டார்

"இந்தத் தடவையும் சன்னல் ஏறிக் குதிச்சிராதீங்க. வெளிய முள்ளு வெட்டிப் போட்டிருக்கோம்."

நர்ஸ் ரோஷன் பேகம் சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். தனபால் சிரிக்கவில்லை. பெஞ்சின் நுனியில் உட்கார்ந்திருந்த அவனுடைய வலது கால் தானாக ஆடிக்கொண்டிருந்தது. கண் மட்டும் சன்னலை விட்டு நகரவில்லை.

அவள் மலைக்கு மாற்றலாகி வந்து இரண்டு மாதம்தான் ஆகிறது. முந்தைய குடும்பக் கட்டுப்பாட்டு முகாமின் பதிவேட்டை நேற்றுதான் புரட்டிப் பார்த்தாள். 'தனபால், வயது 31, தேவனூர் நாடு. குழந்தைகள் மூன்று. குறிப்பு: ஓடிவிட்டார்.' இன்றைய பட்டியலில் இருபத்திரண்டு பெண்கள். ஆண் அவன் ஒருவன்தான். ஆண்களுக்கு ஆபரேஷன் செய்கிற டாக்டர் அவன் ஒருவனுக்காகத்தான் கீழிருந்து எழுபது வளைவு ஏறி வந்திருந்தார். இவனும் ஓடிவிட்டால் இன்னும் பத்து வருஷத்துக்கு இந்த மலையில் எந்த ஆணும் இந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்க மாட்டான்.

"எத்தன கொழந்தைங்க?"

"நாலுங்க."

"போன தடவ மூணுன்னு எழுதியிருக்கே. ஓடுனதுக்குக் கூலி ஒண்ணா?"

தனபால் தலை குனிந்துகொண்டான்.

வரிசையில் மருமகளோடு வந்திருந்த பெருமாயிக்கு வாய் சும்மா இருக்கவில்லை. "அன்னிக்கெல்லாம் ஆசுபத்திரி ஜீப்பு சத்தங் கேட்டா ஆம்பளைங்க காட்டுக்குள்ள ஓடுவாங்க. அப்புறம் ஜீப்பு பொம்பளைங்களுக்குன்னு ஆயிப்போச்சு. ஏஞ்சாமி, நீ மட்டும் என்னத்துக்கு எங்க வரிசையில நிக்கற?"

பெண்கள் சிரித்தார்கள்.

"கத்தி பட்டவன் மரம் ஏற முடியாதுன்னு சொல்றாங்களே, நெசமாங்க?" தனபால் நர்சிடம் மெதுவாகக் கேட்டான். "மொளகு பறிக்க அறுபதடி ஏறணுங்க. நாளைக்குக் கை நடுங்குச்சுன்னா?"

"நாளைக்கு ஏறாதீங்க. ஒரு வாரங் கழிச்சு ஏறுங்க. கத்தியே இல்லீங்க, சின்ன ஓட்டைதான். பத்து நிமிசம்."

"பத்து நிமிசமா..." கால் இன்னும் வேகமாக ஆடியது.

வெளியே குழந்தை வீறிட்டு அழுதது. பலா மரத்தடியில், தனபாலோடு வந்த கோகிலா கைக்குழந்தையோடு நடந்துகொண்டிருந்தாள். மரத்துக்கும் படிக்கும், படிக்கும் மரத்துக்கும். கால் மணி நேரத்துக்கு முன்னால்தான் ரோஷன் பேகம் அவள் கையிலிருந்த பால் புட்டியைப் பிடுங்கி மேசை டிராயரில் பூட்டியிருந்தாள். "அஞ்சு மாசப் புள்ளைக்குப் புட்டியா? பெத்தவ மாருல பால் வத்திப்போச்சா? இந்தக் காம்பவுண்டுக்குள்ள புட்டியே கூடாது!" அதற்கு அந்தப் பெண் வாயைத் திறக்கவில்லை. முறைக்கக்கூட இல்லை. விரலைத் தண்ணீரில் நனைத்துக் குழந்தையின் வாயில் வைத்துக்கொண்டு நகர்ந்துவிட்டாள். கல்நெஞ்சக்காரி என்று நினைத்தாள் நர்ஸ்.

தனபால் சட்டென்று எழுந்தான். ரோஷன் பேகமும் எழுந்தாள்.

"எங்க போறீங்க?"

"தண்ணி குடிச்சுட்டு வாரேனுங்க."

"தண்ணி இங்கயே இருக்கு."

அவன் வாசல் வரைக்கும் போய்விட்டான். பலா மரத்தடியில் கோகிலா நடையை நிறுத்தி அவனையே பார்த்தாள். அவன் நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றான். பிறகு திரும்பி வந்து உட்கார்ந்தான்.

"ஆப்பரேசன் சீட்டு இல்லாம வந்தா எம் மொகத்துலயே முழிக்காதேன்னு சொல்லிருச்சுங்க அது" என்றான்.

"கெட்டிக்காரப் பொண்ணு!"

இனி ஒரு நிமிடம் விட்டாலும் ஆபத்து. ரோஷன் பேகம் படிவத்தை அவசரமாக நிரப்பி, அவன் பெருவிரலை மையில் அழுத்தி ரேகை வாங்கி, கையைப் பிடித்து உள்ளே தள்ளிக் கதவைச் சாத்தினாள். சன்னல் பக்கம் ஒரு தடவை போய்ப் பார்த்துவிட்டும் வந்தாள்.

பத்து நிமிடம் கழித்துக் கதவு திறந்தது. தனபால் நடந்தே வெளியே வந்தான்.

"முடிஞ்சுதுங்களா? இவ்வளவுதானா?" என்று கேட்டான். "இவ்வளவுக்குத்தானா அன்னிக்கு ஓடுனேன்?" சுவரில் சாய்ந்து முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டு அழுதான்.

பயம் விட்ட அழுகை என்று எண்ணி அவனைப் பெஞ்சில் உட்கார வைத்தாள் ரோஷன் பேகம். சீட்டில் முத்திரை குத்தும்போதுதான் கவனித்தாள். படிவத்தில் மனைவி சம்மத ரேகை வைக்கிற கட்டம் காலியாக இருந்தது. மைப்பெட்டியை எடுத்துக்கொண்டு மரத்தடிக்கு ஓடினாள்.

"வெரலக் கொண்டா கண்ணு. எல்லாம் நல்லபடியா முடிஞ்சுது."

கோகிலா கையை முதுகுக்குப் பின்னால் இழுத்துக்கொண்டாள். "என்னால வெக்க முடியாதுங்க."

"இதென்ன கூத்து? நீதானே அனுப்பி வச்ச? சம்சாரம் வெக்கற எடம் இது."

"முடிஞ்சுதுன்னு சத்தியமாச் சொல்லுங்க. இனித் திருப்ப முடியாதுங்களே?"

"முடிஞ்சுது. இந்தா, சீட்டு."

கோகிலா சீட்டை வாங்கி, ஒரு தடவை பார்த்துவிட்டு, மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"அது எங்கக்கா அத்தாயி ரேகை வெக்க வேண்டிய எடமுங்க. இவனப் பெத்தன்னிக்கே போய்ச் சேந்துட்டா. நாலு புள்ளைங்களுக்காக வர்ற வெள்ளிக்கிழமை என்னைய மாமனுக்குக் கட்டி வெக்கறாங்க. இந்தச் சீட்டப் பாத்தாத்தான் கழுத்த நீட்டுவேன்னு ஒரே பேச்சாச் சொல்லிட்டேன். பொண்டாட்டி இல்லாதவன்னு தெரிஞ்சா மாமனத் திருப்பி அனுப்பிருவீங்கன்னுதான் இத்தன நேரம் வாயத் தொறக்கல" என்றவள், அழுது களைத்த குழந்தையைத் தோளில் மாற்றிப் போட்டுக்கொண்டு கையை நீட்டினாள்.

"இப்பவாச்சும் அந்தப் புட்டியக் குடுங்க நர்சம்மா."