கடைச் சீட்டு ஒட்டிய துண்டு

பூந்தமல்லி நீதிமன்ற வராந்தாவில் மூன்று மணி வெயில் பாதி பெஞ்சுவரை வந்துவிட்டது. எட்டு மாத ஜீவனாம்சத்தைக் கட்டாத கலியமூர்த்திக்கு ஒரு மாதச் சிறை என்று இப்போதுதான் தீர்ப்பானது. காவலர் அவன் மஞ்சள் பையை வாங்கி பெஞ்சில் கவிழ்க்கிறார். மடிப்புக் கலையாத லுங்கி, கடைச் சீட்டு ஒட்டிய துண்டு, பிரிக்காத சந்தன சோப்பு. "இன்னா நைனா, மாமியார் ஊட்டுக்கு ரெடியாத்தான் வந்துகீறே!" "களி துன்னுட்டு வரேன் சார். இவளுக்கு ஒத்த பைசா தரமாட்டேன்." பெஞ்சின் மறுமுனையில் அவன் மனைவி அங்கம்மா அந்தத் துண்டையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். இன்று பணம் வந்துவிடும் என்று காலையில் அரிசிக் கடைக்காரரிடம் சொல்லிவிட்டு வந்தவள். அவனை அழைத்துப் போகிறார்கள். சோப்பு வாசனை மட்டும் போகவில்லை. வெயில் அவள் மடியில் ஏறுகிறது. அந்தக் கடையைத் தாண்டாமல் கோவில்பதாகை வீட்டுக்குப் போக வேறு வழி உண்டா என்று யோசித்தபடி உட்கார்ந்தே இருக்கிறாள்.