ரெனானுக்கு ஒரு லாரி

"அது முத்தமா? ஸ்டாம்ப்புல எச்சில் தொட்டு ஒட்டற மாதிரி இருக்கு!"

டோனா நெல்மா சொன்னதும், பிரேசிலின் சாவோ பாலோ நகரத்து ஏசி அறையில் மேசையைச் சுற்றி உட்கார்ந்திருந்த மற்ற ஒன்பது பெண்களும் கொல்லென்று சிரித்தார்கள்.

கண்ணாடிச் சுவருக்கு மறுபக்கம், அவர்கள் கண்ணில் படாமல் உட்கார்ந்திருந்த கதாசிரியர் எவரிஸ்டோவுக்குச் சிரிப்பு வரவில்லை. அவருடைய காதல் தொடர் எழுபது நாளாக ஓடுகிறது. பார்ப்பவர்களும் ஓடிக்கொண்டிருந்தார்கள். அதனால் டிவிக்காரர்கள் வழக்கம்போலப் பத்து பெண்களைக் கூப்பிட்டு, காப்பியும் சீஸ் உருண்டையும் கொடுத்துக் கருத்துக் கேட்டார்கள். பிரம்மா எழுதியதை யாராலும் மாற்ற முடியாது. எவரிஸ்டோ எழுதியதை சீஸ் உருண்டை தின்றவர்கள் மாற்றலாம்.

"ஜோடி எடுபடலைன்னா ஹீரோ ரெனானைக் கொன்னுடுங்க. வில்லனைத் திருத்தி ஹீரோயின் லாவினியாவுக்குக் கட்டி வைங்க" என்றாள் பக்கத்திலிருந்த தயாரிப்பாளர் மார்லி.

"ஐயோ மேடம், கதையே அவன்தான்! ரெண்டு வருஷம் உக்காந்து எழுதினேன்."

"ஜனங்க ரெண்டு நிமிஷம் உக்கார மாட்டேங்கறாங்களே!"

உள்ளே, கேள்வி கேட்கும் பெண் மற்றவர்கள் பக்கம் திரும்பினாள். "நீங்க சொல்லுங்க, கெமிஸ்ட்ரி எப்படி?"

"ரெனான் பாவம், லட்சணமாத்தானே இருக்கான்" என்று ஒருத்தி இழுத்தாள். எவரிஸ்டோவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

"லட்சணத்துக்கு என்ன குறைச்சல்? ஜவுளிக்கடை பொம்மைகூட லட்சணம்தான்" என்று பிடித்துக்கொண்டாள் நெல்மா. "அவளைக் கட்டிப்பிடிக்கறப்ப அவன் கண்ணைப் பாருங்கடி. கேஸை அணைச்சோமா இல்லையான்னு யோசிக்கற மூஞ்சி! அந்த வில்லன் பாக்கறானே, அது பார்வை! என் கையில ஆறிப்போன காப்பிகூடச் சூடாயிடுச்சு."

"அட, ஆமாம்ல!" என்றாள், சற்றுமுன் பாவம் பார்த்தவள்.

"அப்ப ரெனானை என்ன பண்ணலாம்?"

"லாரி ஏத்துங்க" என்றாள் நெல்மா. "கோமால படுக்க வச்சு எழுப்பறது, இரட்டைப் பிறவின்னு கூட்டிட்டு வர்றது, அந்தக் கதையெல்லாம் வேணாம். சுத்தமா சாகணும். மண்ணைப் போட்டு மூடறதை நாங்க பாக்கணும்!"

பத்து கைகள் உயர்ந்தன. மார்லி ஏதோ மைக்கில் முணுமுணுக்க, உள்ளே கேள்வி கேட்ட பெண் காதிலிருந்த கருவியைத் தொட்டபடி சிரித்தாள். "உங்க இஷ்டப்படியே ஆகட்டும்னு சொல்லிட்டாங்க. வர்ற வாரமே லாரி."

எவரிஸ்டோ கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இவ்வளவு கல்நெஞ்சக்காரியை அவர் தன் கதைகளில்கூட எழுதியதில்லை.

பரிசுப் பையோடு வெளியே வந்த நெல்மா, பஸ் நிறுத்தத்தில் நின்று அக்கம்பக்கம் பார்த்துவிட்டுச் செல்போனைக் காதில் வைத்தாள்.

"மகனே, ரெனானைக் கொன்னாச்சுடா! அந்த வேஷம் செத்தாத்தான் சீரியல்லேருந்து உன்னை விடுவோம்னாங்களே, இனி தைரியமா அந்த சினிமாவுக்குக் கையெழுத்துப் போடு!"