கண்ணாடிக்கு அந்தப் பக்கம்

அவன் ஒலியை அணைத்துவிட்டு வீடியோவை ஓடவிட்டான்.

திரையில் ஒரு பெண். ஆஸ்பத்திரிக் கட்டில். கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் படுத்திருக்கிறாள். கண்கள் பாதி திறந்திருக்கின்றன. வாய் அசைகிறது.

அரை நிமிடம்கூட இல்லை.

"என்ன சொல்றாங்க? இங்கிலீஷ்ல சொல்லுங்க."

வழக்கமான பயிற்சிதான். வெளிநாட்டு வேலைக்காக ஆங்கிலத் தேர்வு எழுதப்போகும் நர்ஸுகள். தினமும் ஒரு சின்ன வீடியோ. முதலில் சத்தமில்லாமல் பார்ப்பார்கள். பேசுவதை ஊகித்துச் சொல்வார்கள். நேற்று ஒரு காய்கறிக் கடை. அதற்கு முந்தின நாள் விமான நிலையம்.

இன்று அவன் மனைவி.

அது அவர்களுக்குத் தெரியாது.

ஐசியூவுக்கு வெளியே நின்று மச்சினன் போனில் எடுத்தது. அன்று இருட்டுவதற்குள் அவள் போய்விட்டாள்.

அவள் சொன்னது கண்ணாடியைத் தாண்டி வரவில்லை. ஆனாலும் அவன் தலையாட்டினான். சரி, சரி என்று. அதுவும் கண்ணாடியில் விழுந்திருக்கிறது. முகக்கவசம் போட்ட ஒரு தலை, மங்கலாக, ஆடிக்கொண்டே இருக்கிறது.

எதற்குச் சரி சொன்னான் என்று அவனுக்குத் தெரியாது.

இன்னொரு கல்யாணம் செய்துகொள் என்றாளா. செய்யாதே என்றாளா. உள்ளே வா என்றாளா.

வீட்டில் பார்த்துப் பார்த்து ஓய்ந்துவிட்டான். இவர்கள் நோயாளிகளின் வாயைப் பார்த்தே பழகியவர்கள். அதனால் கொண்டுவந்தான்.

"ஐ ஆம் தர்ஸ்டி" என்றாள் முன்வரிசை ஜெனிஃபா.

"ப்ளீஸ் கால் மை ஹஸ்பண்ட்" என்றாள் அடுத்தவள்.

"ஹஸ்பண்டு வெளியதாம்ட்டி நிக்காரு. கண்ணாடில பாரு." பெனிட்டா தமிழுக்கு வந்துவிட்டாள். "எப்ப டிஸ்சார்ஜுன்னு கேக்காங்களா இருக்கும். எல்லா பேஷண்டும் நம்மட்ட அதத்தானே கேக்கும்!"

வகுப்பு சிரித்தது.

அவனும் சிரிக்க வேண்டிய இடம். உதடுகளை விரித்தான்.

கடைசி வரிசையில் ஷீபா மட்டும் பேசவில்லை. ஐசியூவில் பல வருடம் இருந்தவள்.

"ஷீபா?"

"இன்னொரு தடவ போடுங்க சார்."

போட்டான்.

அவள் எழுந்து திரைக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். வாயைப் பார்க்கவில்லை. தாடையைப் பார்த்தாள். கழுத்துக் குழியைப் பார்த்தாள்.

"இவங்க பேசல சார்."

குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"நெனவே இல்ல. கடைசி மூச்சு இப்படித்தான் இழுக்கும். வாய் தன்னால அசையும்."

அவன் வீடியோவை நிறுத்தினான். வாய் திறந்தபடி அவன் மனைவி திரையில் உறைந்து நின்றாள்.



பெனிட்டாவுக்குத்தான் பொறுக்கவில்லை.

"அப்ப அந்தாளு எதுக்கு சார் தலைய ஆட்டுதாரு?"

"இங்கிலீஷ்ல கேளுங்க" என்றான்.

அவள் யோசித்தாள். பக்கத்தில் இருந்தவளிடம் ஏதோ கேட்டாள். மறுபடி யோசித்தாள்.

அவன் காத்திருந்தான்.

எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் அவள் எடுத்துக்கொள்ளலாம்.