அரை நாள் லீவு

ஒருவரைப் பற்றி மேடையில் ஜோக் சொல்ல அவருடைய சம்மதம் வேண்டும். இல்லாவிட்டால், பெயரைச் சொன்ன நொடியில் மைக் தானாக அணைந்துவிடும். அவரே அந்த ஜோக்கைக் கேட்டுச் சிரித்துவிட்டால் அதுவும் சம்மதம்தான். அவர் உட்கார்ந்திருக்கும் இருக்கையே அந்தச் சிரிப்பைப் பதிவு செய்துகொள்ளும்.

நிறைமதியின் பழைய மேனேஜர் வேதநாயகம் ஒன்பது முறை சம்மதம் மறுத்திருந்தார். அது போதாதென்று, அவளுடைய ஒவ்வொரு நகைச்சுவை நிகழ்ச்சிக்கும் வந்து முதல் வரிசையில் உட்கார்ந்து, மைக் அணைவதை ரசிப்பார்.

இன்று அவள் யார் பெயரையும் சொல்லாமல் தொடங்கினாள்.

"ஒரு ஆபீஸ்ல ஒரு பொண்ணு, அப்பா செத்துட்டாருன்னு லீவு கேட்டா. மேனேஜர் நிமிர்ந்துகூடப் பாக்கல. 'எரிக்கிறீங்களா, புதைக்கிறீங்களா?'ன்னாரு. 'எரிக்கிறோம் சார்'னா. 'அப்ப அரை நாள் போதுமே'ன்னாரு."

வேதநாயகம்தான் முதலில் சிரித்தார். தொப்பையைப் பிடித்துக்கொண்டு, பக்கத்து ஆளைத் தட்டித் தட்டிச் சிரித்தார். தான் ஒருநாள் சொன்னது அவருக்கு நினைவிலேயே இல்லை. அதை நம்பித்தான் அவள் மேடை ஏறியிருந்தாள்.

சிரிப்பு அடங்கும்வரை நிறைமதி காத்திருந்தாள்.

"அந்தப் பொண்ணு நான். அந்த மேனேஜர் பேரு வேதநாயகம். முதல் வரிசையிலதான் உக்காந்திருக்காரு."

மைக் அணையவில்லை.