சேலையூர் சிறப்பு முகாம்

கனவுகளையும் கதைகளையும் நூல்நூலாகப் பிரித்துப்போடும் நிகழ்வுக்கு விஞ்ஞானிகள் இழையவிழ்வு என்று பெயர் வைத்தார்கள். கனவில் வருபவரின் பெயரைப் பதிந்துவிட்டால் அவர் மட்டும் கலையமாட்டாராம். அதற்காகச் சேலையூரில் சனிக்கிழமை சிறப்பு முகாம் போட்டார்கள்.

ஹெப்சி இரண்டு மணி நேரம் வரிசையில் நின்றாள். இருவரும் போன ஸ்கூட்டர் கவிழ்ந்ததில் இறந்த கணவன் ஜெஃப்ரியின் பெயரை எழுதி, தன் ஆதார் நகலோடு நீட்டினாள்.

எழுத்தர் நகலைப் பார்த்தார்.

“மேடம், கனவுல வர்றவங்க பதிய முடியாது. சார் காலையிலயே வந்து உங்க பேரைக் குடுத்துட்டுப் போயிட்டாரே.”

பதிவேட்டைத் திருப்பிக் காட்டினார். ஜெஃப்ரியின் கோணல் கையெழுத்துதான்.

‘ஹெப்சி, மனைவி. விபத்தில் இறந்தவள். தினமும் வருகிறாள். ஹெல்மெட்டைக் கழற்றுவதேயில்லை.’

ஹெப்சியின் கை மெல்லத் தாடைக்குப் போனது. வார் இறுக்கமாக மாட்டியிருந்தது.