மூன்றே கால் கிலோ

மிதவைக்கல் கடைக்காரர் எல்லோரிடமும் கேட்கும் கேள்வியைத்தான் கேட்டார்.

"எவ்வளவு எடையைத் தூக்கணும்மா?"

"அறுபத்தெட்டு கிலோ," என்றாள் அந்த அம்மாள்.

பீரோவாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டார். வீடு மாற்றுகிறவர்கள்தான் அந்தக் கல்லை வாடகைக்கு எடுப்பார்கள். கட்டிவிட்டால் எந்தப் பாரமும் தரையை விட்டு எழும்பிவிடும்.

"சுத்தமா எடையே இல்லாம வச்சுத் தரேன். ஒத்தை விரலால தள்ளிக்கிட்டே போயிடலாம்."

"வேண்டாங்க. மூணே கால் கிலோ மிச்சம் இருக்கட்டும்."

"அதை மட்டும் எதுக்கும்மா வீணா சுமக்கணும்?"

"இருக்கட்டும். கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம்."

முப்பது வருடத் தொழிலில் கால் கிலோவுக்கு இப்படிக் கறாராக நின்றவர் யாருமில்லை. கல்லின் திருகை மூன்றே காலில் நிறுத்திவிட்டு, ரசீதை எடுத்தார்.

"எங்கேருந்து எடுக்கப்போறீங்க?"

"பெரியாஸ்பத்திரி பிணவறையிலேருந்து."

பேனா நின்றுவிட்டது.

"என் பையன்," என்றாள். "பொறந்தப்ப மூணே கால் கிலோ இருந்தான். அதே ஆஸ்பத்திரியிலேருந்து நான்தான் கையில ஏந்தி வீட்டுக்குக் கொண்டுவந்தேன். இன்னைக்கும் நானே ஏந்திக்கிட்டுப் போறேன்."