நாலாவது பெட்டி

மாலை வெயில் நூலகத்துச் சன்னல் வழியே சாய்ந்து, கணினித் திரையில் படிந்த தூசியைக் காட்டிக்கொடுக்கிறது. வாசலில் பழைய சாமான் வண்டி நிற்கிறது. மூன்று கணினிகள் அதில் ஏறிவிட்டன. நாலாவதுக்கு மட்டும் பத்து நிமிடம் கேட்ட நூலகக்காரி, அரை மணியாகத் தரையில் உட்கார்ந்திருக்கிறாள். புதிய இயங்குதளம் எதையும் இது தாங்காதென்று மேலிடம் கைகழுவிவிட்டது. அவளோ பல வருடத்துக்கு முந்தைய லேசான இயங்குதளம் ஒன்றைத் தேடிப்பிடித்துக் குறுந்தகட்டில் கொண்டுவந்திருக்கிறாள். அரை வயிற்றுக்குத் தின்று முழு வேலை செய்யும் ரகம். ஆனால் பெட்டியின் பின்னால் மின்கம்பி செருகும் இடம் தளர்ந்துகிடக்கிறது. கம்பி நழுவி இரண்டு முறை எல்லாம் முதலிலிருந்து தொடங்கியாயிற்று. இந்த முறை வண்டிக்காரரே குந்தி உட்கார்ந்து, கட்டைவிரலால் அதை அழுத்திப் பிடித்திருக்கிறார். "எடைக்குப் போற சாமானுக்கு வைத்தியமா" என்று முணுமுணுத்தவர், இப்போது மூக்கு அரித்தாலும் கையை எடுக்காமல் தோளில் தேய்த்துக்கொள்கிறார்.

"கை வலிக்குதாண்ணே?"

"பேசாதீங்கம்மா. உள்ள ஏதோ முனகுது."

தகடு சுழல்கிறது, நிற்கிறது, மறுபடி சுழல்கிறது. கறுத்த திரை மெல்ல நீலமாகிறது. மூலையில் குட்டிக் கடிகாரம் ஒன்று தப்பான நேரத்தைத் தைரியமாகக் காட்டுகிறது. அவள் ஒரு விசையைத் தட்டுகிறாள், எழுத்து விழுகிறது.

"விரலை எடுங்கண்ணே, டேப் சுத்திடறேன்."

அவர் எடுக்கவில்லை. வாசலில் நிற்கும் தன் வண்டியையே பார்க்கிறார்.

"ஏம்மா, இந்தத் தகட்டை இன்னும் மூணு பெட்டிக்குப் போடலாமா?"